கல்லிலிருந்து கண்ணாடிக்கு

1927-இல் கேரளத்தில் சேர்த்தலைக்குப் பக்கத்தில் களவங்கோடம் என்ற ஊரில் ஒரு கோயில் கட்டி, பிரதிஷ்டைக்கு ஈழவச் சமூகத்தில் பிறந்த துறவி நாராயண குருவை அழைத்திருந்தார்கள். அவர் வந்து சேர்ந்தபோது ஊர் இரண்டுபட்டுக் கிடந்தது. பெரியவர்கள் சிலை வைத்தே ஆக வேண்டும் என்றார்கள். இனிமேல் எதற்குச் சிலை என்று இளைஞர்கள் மறித்தார்கள். இரண்டு பக்கத்தையும் கேட்ட குரு ஒரு நிலைக்கண்ணாடி கொண்டுவரச் சொன்னார். பின்பக்கத்து ரசத்தைச் சுரண்டி, 'ஓம் சாந்தி' என்ற எழுத்து தெரியும்படி செய்து, அதையே பிரதிஷ்டை செய்தார். கும்பிட வருகிறவருக்கு அந்த எழுத்தோடு தன் முகமும் தெரியும்.

குமரி மாவட்டத்துக்காரர்களுக்குக் கண்ணாடி வழிபாடு புதிதில்லை. அய்யா வைகுண்டரின் பதிகளிலும் நிழல்தாங்கல்களிலும் கண்ணாடி முன்னால்தான் நின்று கும்பிடுகிறோம். ஆண்கள் தலைப்பாகை கட்டிக்கொண்டு நிற்பார்கள். தோளில் துண்டு போடவும் உரிமை இல்லாதிருந்த மக்களுக்கு, சாமி முன்னால் தலைப்பாகையோடு நில் என்று சொன்னவர் அய்யா. அவர் காலம் 1809 முதல் 1851 வரை. அவர் மறைந்து சில ஆண்டுகள் கழித்து, அதே திருவிதாங்கூரில், திருவனந்தபுரத்தை அடுத்த செம்பழந்தியில் நாராயணன் பிறந்தார்.

களவங்கோடத்துக் கண்ணாடி என்னை இழுப்பதற்குக் காரணம் வேறு. அதை வைத்தவரேதான் 39 ஆண்டுகளுக்கு முன் ஒரு கல்லை சிவன் என்று வைத்தவர். கல்லை வைத்த ஆள் கண்ணாடி வரைக்கும் எப்படி வந்தார், அந்த இடைவெளியில் அவரைப் பின்பற்றிய சமூகமும் அதைச் சுற்றியிருந்த நாடும் என்ன ஆயின என்பதைத்தான் இங்கே சொல்ல முயல்கிறேன். ஒரு சமயச் சமூகம் தன்னைப் புதுப்பித்துக்கொண்டு நாட்டையும் மாற்றும் என்று மேடையில் சொல்லிவிடலாம். அது யார் கையால், எந்தப் பணத்தால், யாருக்கு வலித்து நடந்தது என்று பார்த்தால்தான் விஷயம் பிடிபடும்.

எனக்கு இதில் சொந்த அக்கறையும் உண்டு. எங்கள் ஊர்க் கோயிலுக்குத் தலைக்கட்டு வரி உண்டு. வருஷா வருஷம் கொடைத் திருவிழாவுக்கு முன்னால் வரிக்கூட்டம் நடக்கும். வில்லுப்பாட்டு, வாணவேடிக்கை, மின்விளக்கு அலங்காரம் என்று எல்லாவற்றுக்கும் தொகை ஒதுக்கி முடித்த பிறகு, கோயிலை ஒட்டிய படிப்பகத்தின் கூரை ஒழுகுவதைப் பற்றி யாராவது எழுந்து பேசுவோம். அடுத்த வருஷம் பார்க்கலாம் என்பார்கள். கோயிலில் எனக்கு நம்பிக்கை உண்டு. அதனால்தான் அந்தக் கூட்டத்திலிருந்து ஒவ்வொரு முறையும் மனம் கனத்து வீடு திரும்புகிறேன்.

அருவிப்புரத்துக் கல்

19-ஆம் நூற்றாண்டுத் திருவிதாங்கூரில் ஈழவர் பெரிய சமூகம். தென்னையும் கள்ளும் கயிறும் நெசவும் அவர்களுடைய தொழில்கள். ஆயுர்வேத வைத்தியமும் சமஸ்கிருதப் படிப்பும் இருந்த ஈழவக் குடும்பங்களும் இருந்தன. ஆனாலும் பெரிய கோயில்களுக்குள் விடமாட்டார்கள். கோயிலைச் சுற்றிய தெருவில்கூட நடக்க முடியாது. அரசாங்க வேலை கிடையாது. டாக்டர் பல்பு சென்னையில் மருத்துவம் படித்துத் தேறியவர். சொந்த சமஸ்தானத்தில் வேலை மறுக்கப்பட்டதால் மைசூர் அரசில் சேர்ந்தார். 1896-இல் 13,176 பேர் கையெழுத்தோடு அவர் முன்னின்று மகாராஜாவுக்கு ஒரு விண்ணப்பம் போனது. பள்ளிக்கூடமும் வேலையும் கேட்ட விண்ணப்பம். பலனில்லை.

அன்றைக்கு ஓர் ஈழவருக்கு முன்னால் இரண்டு வழிகள்தான் இருந்தன. கோயில் வாசலில் நின்று உள்ளே விடச் சொல்லிக் கேட்பது ஒன்று. மதத்தை விட்டுப் போவது மற்றொன்று. மிஷன் பள்ளிகள் திறந்திருந்தன, போகிறவர்கள் போய்க்கொண்டும் இருந்தார்கள். நாராயண குரு மூன்றாவதாக ஒன்றைச் செய்தார். 1888 சிவராத்திரி அன்று, நெய்யாற்றின்கரைக்கு அருகே அருவிப்புரத்தில், ஆற்றுக்குள் இறங்கி ஒரு கல்லை எடுத்து வந்து கரைப் பாறையில் சிவலிங்கமாக நிறுவினார். பிரதிஷ்டை செய்ய உமக்கு என்ன அதிகாரம் என்று கேட்டவர்களுக்கு, 'நாம் வைத்தது ஈழவச் சிவனை' என்று பதில் சொன்னதாக வழிவழியாகச் சொல்வார்கள்.

அந்தப் பதிலைச் சிரித்துக்கொண்டே மேற்கோள் காட்டுவது வழக்கம். எனக்கு அது சிரிப்பாகத் தெரியவில்லை. கோயில் நுழைவு என்பது அடுத்தவர் வீட்டு வாசலில் நடக்கும் சண்டை. பிரதிஷ்டை உரிமை அதற்கும் கீழே, அஸ்திவாரத்தில் இருக்கிறது. தெய்வத்தை யார் நிறுவலாம், யார் தொட்டுப் பூசை செய்யலாம் என்பதில்தான் சாதியின் சாவி இருந்தது. யாரிடமும் அனுமதி கேட்காமல் அந்தச் சாவியை அவர் எடுத்துக்கொண்டார். அங்கே எழுதி வைத்த வரிகளையும் பாருங்கள்: 'ஜாதி பேதம், மத துவேஷம் ஏதுமில்லாதே ஸர்வரும் ஸோதரத்வேன வாழுன்ன மாத்ருகாஸ்தானமாணிது.' சாதி வேற்றுமையும் மதப் பகையும் இல்லாமல் எல்லாரும் உடன்பிறந்தாராக வாழும் முன்மாதிரி இடம் இது. வாயால் ஈழவச் சிவன் என்றவர், கல்லில் 'ஸர்வரும்' என்று எழுதினார். இந்த இரண்டுக்கும் நடுவே உள்ள இழுபறிதான் பிறகு நடந்த எல்லாவற்றுக்கும் விதை.

தமிழ் வாசகர்களுக்கு இன்னொன்றையும் சொல்ல வேண்டும். குரு நல்ல தமிழறிவு உள்ளவர். யோகம் கற்றது தமிழரான தைக்காடு அய்யாவுவிடம். தவம் செய்தது நாகர்கோவிலுக்கும் கன்னியாகுமரிக்கும் இடையிலுள்ள மருந்துவாழ்மலைக் குகையில். திருக்குறளின் சில அதிகாரங்களை மலையாளத்தில் தந்தார், தமிழில் தேவாரப் பதிகங்கள் பாடினார். 1851-இல் இராமலிங்க அடிகள் பதிப்பித்த 'ஒழிவிலொடுக்க'த்தையும் மலையாளத்தில் பெயர்க்கத் தொடங்கினார். வேற்று நாட்டு ஞானி ஒருவரைப் பற்றி நான் எழுதிக்கொண்டிருக்கவில்லை.

வீட்டுக்குள் தொடங்கிய வேலை

கோயில்கள் பெருகின. வடக்கே மங்களூர் குத்ரோளி வரைக்கும் அவர் கையால் பிரதிஷ்டைகள் நடந்தன. ஈழவ இளைஞர்களைப் பூசைக்குப் பழக்கினார். மாடன், மறுதா, சாத்தன் என்று கள்ளும் பலியும் கொடுத்துக் கும்பிட்ட தெய்வங்களை எடுத்துவிட்டு, சிவனையும் முருகனையும் தேவியையும் வைத்தார்.

இந்த இடத்தில் எனக்குக் கொஞ்சம் உறுத்தல் உண்டு. சுடலைமாடனும் இசக்கியும் எங்களுக்குக் குடும்பத்து ஆட்கள் மாதிரி. அவர்களை எடுத்துவிட்டு 'உயர்ந்த' தெய்வத்தை வைத்தது, மேல்சாதி அளவுகோலை ஏற்றுக்கொண்டதாகாதா என்று கேட்கும் ஆய்வாளர்கள் உண்டு. கேள்வி நியாயமானது. பலிக்கும் கள்ளுக்கும் ஏழை வீட்டுப் பணம் போய்க்கொண்டிருந்தது என்பதும் உண்மை. குருவின் கணக்கில் இரண்டாவது உண்மை எடை கூடியதாக இருந்திருக்க வேண்டும். மாடனோடு போன பாட்டும் கதையும் போனதுதான். அந்த இழப்பை இழப்பு என்று சொல்லிவிட்டே மேலே போகிறேன்.

வீட்டுச் சடங்குகளில் அவர் கை வைத்தபோதுதான் மாற்றம் அடுக்களை வரைக்கும் போனது. பெண் குழந்தைகளுக்குப் பருவம் வருவதற்கு முன்பே ஒரு தாலி கட்டும் 'தாலிகெட்டு கல்யாணம்', வயதுக்கு வந்தால் 'திரண்டுகுளி', கர்ப்பிணிக்குப் 'புளிகுடி' என்று வரிசையாக விருந்துகள். ஒவ்வொன்றுக்கும் கடன். தாலிகெட்டு கல்யாணத்துக்குப் பிறகு அந்தப் பெண்ணுக்கு வேறு கல்யாணம் தனியாக நடக்கும், ஆக முதல் தாலிக்கான செலவு வெறும் கௌரவத்துக்கு. இவை வேண்டாம் என்றார் குரு. கல்யாணத்துக்கு மணமக்கள், பெற்றோர், தோழன் தோழி, பூசை செய்பவர், ஊர்ப் பெரியவர் என்று பத்துப் பேருக்கு மேல் தேவையில்லை என்று எழுதிக் கொடுத்தார். பத்துப் பேர்! மஞ்சள் நீராட்டுக்கு நாற்சந்தி முழுக்க ஃப்ளெக்ஸ் கட்டும் நம் ஊர்களை நினைத்துப் பார்க்கிறேன்.

கள் விஷயம் இன்னும் கடினம். 1921-இல் அவர் வெளியிட்ட செய்தி, மது விஷம், அதைச் செய்யக் கூடாது, கொடுக்கக் கூடாது, குடிக்கக் கூடாது என்றது. இதைக் கேட்டவர்களில் பெரும்பாலானோருக்குக் கள் இறக்குவது குலத்தொழில். சமூகத்தின் செல்வந்தர்கள் பலர் கள், சாராயக் குத்தகைக்காரர்கள். கோயில் கட்ட நிலம் கொடுத்தவர்களும் சங்கத்துக்குப் பணம் கொடுத்தவர்களும் அவர்களில் இருந்தார்கள். படியளப்பவரின் தொழிலையே விஷம் என்று சொல்லக் கூடிய மதத் தலைவரை நான் அதிகம் பார்த்ததில்லை. பாளை சீவும் அரிவாளை நான்காக வெட்டினால் நான்கு சவரக் கத்தி செய்யலாம், அந்தத் தொழில் கள்ளிறக்குவதைவிட மேல் என்றும் அவர் சொன்னதாகச் சொல்வார்கள். இதில் அவருக்கு முழு வெற்றி கிடைக்கவில்லை. கள்ளுக்கடைகள் இன்றும் கேரளத்தில் இருக்கின்றன. ஆனால் அந்தச் செய்தி, குலத்தொழிலை விட்டுப் படிப்புக்கும் வேறு வேலைக்கும் போக நினைத்த ஒரு தலைமுறைக்கு அனுமதிச் சீட்டு மாதிரி ஆயிற்று.

அமாவாசைச் சாப்பாட்டிலிருந்து சங்கம்

ஞானி ஒருவர் மட்டும் இருந்தால் இவ்வளவு நடந்திருக்காது. அருவிப்புரத்தில் அமாவாசைக்கு அமாவாசை 'வாவூட்டு' நடக்கும். முன்னோர் நினைவாக வருகிறவர்களுக்குச் சாப்பாடு போடுவது. அதைக் கவனித்துக்கொள்ள ஒரு சின்னக் குழு இருந்தது. அது கோயில் நிர்வாகக் குழுவாகி, 1903 மே 15-இல் ஸ்ரீ நாராயண தர்ம பரிபாலன யோகமாகப் பதிவானது (யோகம் என்றால் இங்கே சங்கம்). மடமாகவோ ஆதீனமாகவோ பதியாமல், கம்பெனிச் சட்டத்தின் கீழ் பதிந்தார்கள். உறுப்பினர், கணக்கு, வருடாந்தரக் கூட்டம் என்று எல்லாம் வெளிப்படையாக இருக்க வேண்டிய அமைப்பு. குரு வாழ்நாள் தலைவர், கவிஞர் குமாரன் ஆசான் செயலாளர். பின்னால் நின்று தள்ளியவர் டாக்டர் பல்பு. சமயத் தலைமையோடு சேர்ந்துதான் மக்களைத் திரட்ட முடியும் என்ற யோசனையை மைசூரில் விவேகானந்தர் அவருக்குச் சொன்னதாக வரலாறு.

1904-இல் 'விவேகோதயம்' பத்திரிகை. 1905-இல் கொல்லத்தில் நடந்த ஆண்டுக்கூட்டத்தோடு ஒரு தொழிற்கண்காட்சி. சமயச் சங்கத்தின் கூட்டத்தில் நெசவும் கயிறும் கைவினைப் பொருளும்! கிளைகளுக்குச் 'சாகை' என்று பெயர். ஒவ்வொரு ஊரிலும் சாகை உருவாக உருவாக, கல்யாணத்தைப் பதிய, தகராறைப் பேசித் தீர்க்க, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பச் சொல்ல ஓர் இடம் கிடைத்தது. பல்பு 13,176 கையெழுத்து வாங்கியும் அசையாத அரசு, ஊர் ஊராகக் கிளை வைத்திருந்த சங்கத்தை அப்படி ஒதுக்க முடியவில்லை.

சுற்றிலும் இருந்தவர்களும் இதைப் பார்த்தார்கள். 1907-இல் புலையர் சமூகத்து அய்யன்காளி சாது ஜன பரிபாலன சங்கத்தைத் தொடங்கினார். பள்ளியில் தங்கள் பிள்ளைகளைச் சேர்க்கவில்லை என்றால் வயலில் இறங்கமாட்டோம் என்று வேலைநிறுத்தமே செய்தவர் அவர். குருவுக்குக் கடமைப்பட்டவராக மட்டும் அவரைக் காட்டுவது தவறு. அவர் தனி நெருப்பு.

குருவின் பிரதிஷ்டைகளும் இந்த ஆண்டுகளில் மெல்ல மாறின. 1912-இல் வர்க்கலை சிவகிரியில் சாரதையை வைத்தார். எண்கோண மண்டபம், காற்றும் வெளிச்சமும் வரும் ஜன்னல்கள். அபிஷேகமும் நைவேத்தியமும் இல்லை. கல்வித் தெய்வத்துக்குப் படிப்பே பூசை என்ற எண்ணம். அடுத்து ஆலுவாயில் அத்வைத ஆசிரமம், அங்கே சிலையே இல்லை. 1917 வாக்கில் வெளிப்படையாகவே சொல்லிவிட்டார்: இனிக் கோயில் கட்டுவதை ஊக்குவிக்க வேண்டாம், முக்கியமான கோயில் பள்ளிக்கூடமாக இருக்கட்டும், பணம் வசூலித்துப் பள்ளிகளைக் கட்டுங்கள். 1920-இல் திருச்சூர்ப் பக்கம் காரமுக்கில் ஒரு விளக்கை மட்டும் வைத்தார். 1922-இல் முருக்கும்புழையில் 'சத்தியம், தர்மம், தயை, சாந்தி' என்று எழுதிய பலகை. பிறகுதான் களவங்கோடத்துக் கண்ணாடி.

இதைப் பார்த்து, முன்பு செய்ததை அவரே தவறு என்று ஒத்துக்கொண்டார் என்பாரும் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1888-இல் கண்ணாடியை வைத்திருந்தால் யாருக்கும் அது புரிந்திருக்காது. தெய்வத்தைத் தொடவே கூடாது என்று பழக்கப்பட்ட ஆட்கள் முதலில் தொட்டாக வேண்டும். தொட்டுப் பழகி, அந்தப் பயம் போன பிறகுதான் கையெடுத்துவிட்டு யோசிக்க முடியும். மக்கள் எந்தப் படியில் நிற்கிறார்களோ அந்தப் படிக்கு இறங்கி வந்து, அங்கிருந்து ஒரு படி மேலே கூட்டிப் போவது என்று நாற்பது வருஷம் பொறுமையாகச் செய்திருக்கிறார்.

அடுத்த படியில் நின்றவர்கள்

ஈழவருக்கு மேல்சாதிக் கோயில் மூடியிருந்தது. ஈழவர் தாங்களே கட்டிய கோயில்கள் சிலவற்றில் புலையருக்கும் பறையருக்கும் கதவு மூடியிருந்தது. தனக்கு நடந்த அநியாயத்தை எதிர்த்து எழுந்தவர், தனக்குக் கீழே இருப்பவரிடம் அதையே செய்வார். இந்த வியாதி ஈழவருக்கு மட்டும் உரியதில்லை. நம் ஊர்களில் ஆண்ட பரம்பரைப் பெருமை பேசும் எந்தச் சங்கத்தின் கோயிலுக்கு வேண்டுமானாலும் போய், கொடை வரி யாரிடம் வாங்குவதில்லை என்று விசாரித்துப் பாருங்கள்.

குரு இதை விடாமல் எதிர்த்தார். சிவகிரியில் புலையர் வீட்டுப் பிள்ளைகளைச் சேர்த்துக்கொண்டார். அவர்கள் அங்கே சமையலிலும் இருந்தார்கள், சுலோகமும் சொன்னார்கள். 1917-இல் செறாயியில் சகோதரன் அய்யப்பன் என்ற அவருடைய இளம் சீடர் புலையரோடு சேர்ந்து உட்கார்ந்து சாப்பிடும் 'மிஸ்ரபோஜனம்' நடத்தினார். சொந்தச் சமூகத்தார் அவரைப் 'புலையன் அய்யப்பன்' என்று ஏசினார்கள். அய்யப்பன் அதைப் பட்டமாக ஏற்றுக்கொண்டார். குரு எந்தப் பக்கம் என்று எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தபோது, மனிதருடைய மதமோ உடையோ மொழியோ எப்படி இருந்தாலும் சாதி ஒன்றே, ஆகையால் கலந்து உண்பதிலும் மணம் செய்வதிலும் தவறில்லை என்று தன் கையால் எழுதிக் கொடுத்தார்.

இதே அய்யப்பன், 'ஒரு ஜாதி, ஒரு மதம், ஒரு தைவம் மனுஷ்யனு' என்ற குருவின் வாக்கை 'ஜாதி வேண்டா, மதம் வேண்டா, தைவம் வேண்டா மனுஷ்யனு' என்று மாற்றியவர். நாத்திகர். குரு அவரைத் தள்ளிவைக்கவில்லை, கடைசி வரை அன்பாகவே இருந்தார். தன் மடத்து வாசலில் நின்று கடவுள் வேண்டாம் என்ற சீடனை மகனாக வைத்துக்கொள்ள முடிந்த ஆன்மிகம் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. களவங்கோடத்தில் சிலை வேண்டாம் என்ற இளைஞர்களை அவர் காதுகொடுத்துக் கேட்டதும் இதனால்தான். தங்கள் பிள்ளைகள் கேட்கிற கேள்விகளைச் சகிக்க முடியாமல் அவர்களை இழந்துவிட்ட சபைகளும் மசூதிகளும் கோயில்களும் எத்தனை!

சங்கத்தோடுதான் அவருக்கு மனம் கசந்தது. யோகம் வளர வளர அது ஈழவர் சங்கமாகச் சுருங்கிக்கொண்டே வந்தது. 1916 மே மாதம் டாக்டர் பல்புவுக்கு எழுதிய கடிதத்தில், தனக்குத் தெரியாமலே யோகம் தீர்மானங்கள் போடுவதையும், யோகத்துக்குச் சாதி அபிமானம் கூடிவிட்டதையும் சொல்லி, முன்பே மனத்தால் விட்ட யோகத்தை இப்போது சொல்லாலும் செயலாலும் விடுகிறேன் என்று எழுதினார். அதே மாதம், நாம் சாதி மத பேதத்தை விட்டுச் சில ஆண்டுகள் ஆகிவிட்டன, நம்மை ஒரு சாதியைச் சேர்ந்தவராகச் சிலர் எண்ணுவது தவறு என்று அறிக்கையும் வந்தது. தன் பெயரிலேயே இருக்கும் அமைப்பைப் பற்றி, அதன் வாழ்நாள் தலைவரே இப்படி எழுத நேர்ந்தது. அந்த அறிக்கையை நான் பல தடவை படித்திருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் வருத்தமாகவே இருக்கிறது. சங்கம் இல்லாமல் மாற்றம் ஊருக்குள் போயிருக்காது, அதே சங்கம்தான் மாற்றத்தைச் சாதி வேலிக்குள் கட்டியும் போட்டது.

வைக்கமும் அதற்குப் பிறகும்

1924 மார்ச்சில் ஆலுவாயில் சர்வமத மாநாடு கூட்டினார். சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த டி. சதாசிவ ஐயர் தலைமை. வாசலில் எழுதியிருந்தது: 'வாதிக்கானும் ஜயிக்கானுமல்ல, அறியானும் அறியிக்கானுமாணு.' வாதாடி வெல்ல வரவில்லை, அறியவும் அறிவிக்கவும் வந்திருக்கிறோம். மதமாற்றம் சூடான பேச்சாக இருந்த காலம் அது. பௌத்தத்துக்குப் போகலாமா, கிறிஸ்தவத்துக்குப் போகலாமா என்று யோகத்தின் தலைவர்களுக்குள்ளேயே விவாதம் நடந்தது. மதம் எதுவானாலும் மனிதன் நன்றானால் போதும் என்ற குருவின் வாக்கை இந்தச் சூழலில் வைத்துப் படித்தால்தான் அதன் துணிச்சல் தெரியும்.

மாநாடு முடிந்த அதே மாதம் 30-ஆம் தேதி வைக்கம் சத்தியாகிரகம் தொடங்கியது. கோயிலைச் சுற்றிய தெருக்களில் எல்லாரும் நடக்க வேண்டும் என்பது கோரிக்கை. முன்னின்ற டி.கே. மாதவன் யோகத்தில் வளர்ந்தவர். பெரியார் போய் இரண்டு முறை சிறைப்பட்டது, நாகம்மையார் பங்கெடுத்தது நமக்குத் தெரிந்த கதை. நம் பக்கத்தில் அதிகம் பேசப்படாதது, குரு தன்னுடைய வைக்கம் மடத்தைச் சத்தியாகிரகிகளுக்குக் கொடுத்ததும் ஆயிரம் ரூபாய் நன்கொடை தந்ததும். அவரே வைக்கத்துக்கு நேரில் வந்தார். தடுப்பைத் தாண்டி நடக்கட்டும், கோயிலுக்குள்ளும் போகட்டும் என்பது அவர் கருத்தாக வெளிவந்தபோது, காந்தியின் வழிக்கு இது ஒத்துவருமா என்று சர்ச்சையே கிளம்பியது. 1925 மார்ச்சில் காந்தி சிவகிரிக்கு வந்து அவரைச் சந்தித்தார். அங்கே ஒரு மாமரத்தைக் காட்டி, ஒரே மரத்து இலைகளிலும் வேறுபாடு உண்டே என்று காந்தி சொல்ல, எல்லா இலையின் சாறும் ருசியில் ஒன்றுதான் என்று குரு பதில் சொன்னதாகக் கேரளத்தில் இன்றும் சொல்கிறார்கள்.

1925 நவம்பரில் போராட்டம் முடிந்தபோது மூன்று பக்கத் தெருக்கள் திறந்தன, கிழக்குத் தெரு திறக்கவில்லை. குரு 1928 செப்டம்பர் 20-இல் சமாதியானார். திருவிதாங்கூரில் கோயில் நுழைவுப் பிரகடனம் வந்தது 1936 நவம்பர் 12-இல். அதைப் பார்க்க அவர் இல்லை.

அந்தப் பிரகடனத்துக்குக் குருவே காரணம் என்று எழுதினால் அது பக்தி, வரலாறு ஆகாது. கயிறு ஏற்றுமதியில் வந்த பணம், மிஷன் பள்ளிகள், அச்சுப் பத்திரிகைகள், 1930-களில் பிரதிநிதித்துவம் கேட்டு நடந்த நிவர்த்தனப் போராட்டம், ஈழவர் மொத்தமாக மதம் மாறிவிடுவார்களோ என்று அரண்மனைக்கு இருந்த பயம் எல்லாம் சேர்ந்துதான் அந்தக் கதவைத் திறந்தன. இவை நடந்துகொண்டிருந்தபோது, கோயிலுக்குப் போகத் தகுதியில்லை என்று தன்னைப் பற்றித் தானே நினைக்காத ஒரு தலைமுறை தயாராக இருந்தது. அந்தத் தயாரிப்பு அருவிப்புரத்தில் தொடங்கியது என்பதை மட்டும் என்னால் உறுதியாகச் சொல்ல முடியும்.

அவர் கடைசியாகச் செய்தவற்றில் ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது. 1928 ஜனவரியில் கோட்டயம் நாகம்படத்தில், சிவகிரிக்கு ஆண்டுதோறும் யாத்திரை போக அனுமதி கேட்டு வந்தார்கள். எதற்காக யாத்திரை என்று கேட்டார். வெறுமனே போய்க் கும்பிட்டு வருவதற்கு என்றால் அவருக்குச் சம்மதமில்லை. எட்டு விஷயங்களைச் சொன்னார்: கல்வி, சுத்தம், கடவுள் பக்தி, சங்கம் சேருதல், விவசாயம், வியாபாரம், கைத்தொழில், தொழில்நுட்பப் பயிற்சி. இந்த எட்டிலும் தெரிந்தவர்களை அழைத்துப் பேச வைக்க வேண்டும், யாத்திரை வருகிறவர்கள் உட்கார்ந்து கேட்டு, ஊருக்குப் போய் நடப்பில் கொண்டுவர வேண்டும். மஞ்சள் உடை என்று முடிவானதும், அதற்காகப் பட்டு வாங்க வேண்டாம், புதுத் துணிகூட வேண்டாம், இருக்கிற வெள்ளை வேட்டியை மஞ்சளில் முக்கிக்கொண்டால் போதும், பிறகு துவைத்து உடுத்தலாம் என்றார். பக்திக்கு எட்டில் ஒரு பங்கு. 1932 டிசம்பரில் முதல் யாத்திரை போனவர்கள் ஐந்து பேர். இன்று வருஷக் கடைசியில் வர்க்கலைக்குப் போனால் மஞ்சள் கடல்தான்.

ஆனையும் வேண்டாம், வெடிமருந்தும் வேண்டாம் என்பது அவர் பெயரால் வழங்கும் வாக்கு. 2016 ஏப்ரலில் கொல்லம் மாவட்டம் பரவூர் புற்றிங்கல் கோயிலில் வாணவேடிக்கை வெடித்து நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தபோது கேரளம் அதை நினைத்துப் பேசியது. பேசினார்களே தவிர, யானையும் நிற்கவில்லை, வெடியும் நிற்கவில்லை. குரு கட்டிய கோயில்களின் திருவிழாக்களிலும் இவை உண்டு என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

ஆனாலும் அந்த ஊற்று வற்றிவிடவில்லை. 2024 டிசம்பர் 31-இல் சிவகிரி யாத்திரைக் கூட்டத்தில், மடத்தின் தலைவர் சுவாமி சச்சிதானந்தா, ஆண்கள் சட்டையைக் கழற்றிவிட்டுத்தான் கோயிலுக்குள் போக வேண்டும் என்ற வழக்கத்தை விட வேண்டும் என்றார். பூணூல் இருக்கிறதா என்று பார்ப்பதற்காக வந்த வழக்கம் அது என்பது அவர் சொன்ன காரணம். மேடையில் இருந்த முதலமைச்சர் பினராயி விஜயன் ஆதரித்தார், நாயர் சங்கம் எதிர்த்தது, டிவியில் சில நாள் காரசாரமான விவாதம். யாருடைய உத்தரவுக்கும் காத்திருக்காமல், முதலில் தங்கள் கோயில்களில் மாற்றலாம் என்ற வழி அவர்களிடம் இருக்கிறது. அது 1888-இல் போட்ட வழி.

எங்கள் ஊரில் வரிக்கூட்டம் அடுத்த மாதம். இந்தத் தடவை வாயால் பேசப் போவதில்லை. படிப்பகக் கூரைக்கு எத்தனை ஓடு, எத்தனை கழுக்கோல், கூலி எவ்வளவு என்று கொத்தனாரைக் கூட்டி வந்து கணக்கெடுத்துவிட்டேன். வாணவேடிக்கைக்கு ஒதுக்குவதில் பாதிகூட ஆகாது. ஊரின் கிழக்குக் கடைசியில் இருக்கும் பதினோரு வீட்டுக்காரர்களிடம் இதுவரை வரி வாங்கியதில்லை. வாங்கினால் அவர்களுக்கும் கூட்டத்தில் உட்காரும் உரிமை வந்துவிடும் என்பதுதான் காரணம். அவர்கள் பிள்ளைகள்தான் படிப்பகத்தை அதிகம் பயன்படுத்துகிறவர்கள். அந்தப் பதினோரு பெயர்களையும் வரிப்பட்டியலில் சேர்க்கச் சொல்லி, கூரைக் கணக்கோடு சேர்த்து எழுதித் தலைவரிடம் கொடுத்திருக்கிறேன்.